முந்தி நன்றாக இருந்தது

காலை ஆறு மணிக்குப் பிள்ளையார் படம், ஆறே காலுக்கு மூட்டு வலிக்குக் கைமருந்து, ஆறரைக்கு ஒரு பழைய ஜோக். நம் வயதுக்காரர்களின் கைபேசிக்கு வந்து சேரும் சரக்கு இதுதான். ஜோக்குக்கு மேலே "அந்தக் காலத்து நகைச்சுவைக்கு ஈடு உண்டா!" என்று ஒரு வரி இருக்கும். கீழே போய்ப் படித்தால் முக்கால்வாசி மனைவியிடம் கணவன் அடி வாங்கும் கதை. இல்லாவிட்டால் காது கேட்காத மாமியார், திக்கித் திக்கி வழி கேட்கும் ஆள், ஒரு சிங்கு. மிச்சமிருப்பதில் அரசாங்க குமாஸ்தா மேஜைமேல் தலை வைத்துத் தூங்குவார். அந்த உத்தியோகத்திலேயே தலை நரைத்தவன் நான். தூங்கும் குமாஸ்தாவைப் பார்த்து எனக்குக் கோபம் வருவதில்லை; அலுப்புத்தான் வருகிறது.

இந்த வகை ஜோக்குகள் மறைந்தால் தமிழுக்கு ஒரு நஷ்டமும் இல்லை என்பது என் கட்சி. இவற்றை நாம் காப்பாற்ற வேண்டியதில்லை, பேரப் பிள்ளைகளுக்கு அனுப்பவும் வேண்டியதில்லை. அந்தக் காலத்தில் இன்னொரு வகை இருந்தது. ஆளைப் பார்த்துச் சிரிக்காமல் சொல்லைப் பார்த்துச் சிரிப்பது. சிலேடை, விடுகதை, எழுத்து விளையாட்டு, எதிர்ப்பேச்சு. அது போய்க்கொண்டிருக்கிறதே என்றுதான் எனக்குக் கவலை.

இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்துக்கு இரட்டைப் புலவர்களையே சாட்சிக்கு அழைக்கலாம். ஒருவருக்குக் கண் தெரியாது, மற்றவருக்குக் கால் நடவாது. கண் தெரியாதவர் தோளில் கால் நடவாதவர் உட்கார்ந்து வழி சொல்ல, இருவருமாக ஊர் ஊராகப் போய்ப் பாடினார்கள். நம் ஏகாம்பரநாதர் மேல் உலா பாடியவர்களும் அவர்கள்தாம். ஒருவர் வெண்பாவில் பாதியைச் சொன்னால் மற்றவர் மீதியை முடிப்பார். மதுரைப் பொற்றாமரைக் குளத்தில் கண் தெரியாதவர் துணி துவைக்கும்போது அது தண்ணீரோடு போய்விட்டது என்று ஒரு கதை உண்டு. கரையில் இருந்தவர் பாட்டிலேயே கிண்டல் செய்கிறார். தண்ணீரில் நின்றவரும் பாட்டிலேயே பதில் சொல்கிறார்: துணி போனால் போகட்டும், சொக்கலிங்கம் துணை இருக்கிறார் என்று.

இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று இன்றைய பிள்ளை கேட்டால் அவன்மேல் தப்பில்லை. துணிக்குக் 'கலிங்கம்' என்று ஒரு பழைய பெயர் உண்டு என்று தெரிந்தால்தான் சிரிப்பு. வெறும் கலிங்கம் போனாலும் சொக்'கலிங்கம்' நிற்கிறது. ஊனமுள்ள இரண்டு பேர், கட்டியிருந்த துணியும் போன நேரம். மூன்றாம் தர ஜோக்குக்காரனுக்கு இதைவிட என்ன வேண்டும்? அவர்களோ கண்ணையும் காலையும் விட்டுவிட்டுச் சொல்லைப் பிடித்துக்கொண்டார்கள். ஒன்று கவனியுங்கள். துணி நெய்தே பேர் வாங்கிய நம் ஊரில் கலிங்கம் என்றால் துணி என்று எத்தனை பேருக்குத் தெரியும்? சொல் போனதும் சிரிப்பும் போய்விட்டது.

காஞ்சிபுரத்துக்கே உரிய பழைய ஜோக் எது என்று கேட்டால் நம்மில் பலர் 'கஞ்சி வரதப்பா'வைச் சொல்வோம். பக்தர் ஒருவர் உருக்கமாக "கஞ்சி வரதப்பா!" என்று கும்பிடுகிறார். திண்ணையில் பசியோடு படுத்திருந்தவன் சட்டென்று எழுந்து, "எங்கே வரதப்பா?" என்கிறான். ஒருவருக்கு வரதராஜர், மற்றவனுக்கு வயிறு. வைகாசிக் கருட சேவைக்கும் இப்படி ஒன்று உண்டு. காளமேகப் புலவர் கருடன் மேல் பெருமாள் வருவதைப் பார்த்து, ஐயோ, பெருமாளைப் பருந்து தூக்கிக்கொண்டு போகிறதே என்று பதறுகிற மாதிரி பாடினார் என்பார்கள். ஊரே கன்னத்தில் போட்டுக்கொள்ளும் நேரத்தில் ஒருவர் இப்படிப் பாடியிருக்கிறார், ஊரும் அதை ரசித்து இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறது. இன்று யாராவது புதிதாக இப்படி எழுதினால் என்ன ஆகும் என்று யோசித்துப் பார்க்கிறேன். யோசித்ததோடு நிறுத்திக்கொள்கிறேன்.

சொல் விளையாட்டுக்கும் காஞ்சிக்கும் உள்ள உறவு காளமேகத்துக்கும் முந்தியது. பல்லவர் காலத்தில் இங்கே வாழ்ந்தவர் என்று அறிஞர்கள் கருதும் தண்டி, வடமொழியில் காவியாதர்சம் என்ற அணி நூலை எழுதினார். சுமார் 1,300 ஆண்டுகளுக்கு முந்தைய நூல். அதன் மூன்றாம் பகுதியில் விடுகதை வகைகளுக்கு உதாரணம் காட்டும்போது ஒன்று சொல்கிறார். ஒரு நகரம் இருக்கிறதாம். அதன் நடுவில் மூக்கு, சுற்றிலும் நான்கு வர்ணங்கள். ஆள்கிறவர்கள் எட்டு வர்ணப் பெயர் கொண்ட அரசர்கள். எந்த ஊர், யார் அரசர்?

வர்ணம் என்றால் சாதி என்று எடுத்துக்கொண்டால் விடை கிடைக்காது. வர்ணத்துக்கு எழுத்து என்றும் பொருள். மெய்யையும் உயிரையும் தனித்தனியாக எண்ணுங்கள்: க், ஆ, ஞ், ச், ஈ. ஐந்தில் நடுவே நிற்பது ஞகரம், மூக்கால் சொல்லும் எழுத்து. சுற்றிலும் நான்கு. ஊர் காஞ்சி! பல்லவர் பெயரையும் வடமொழியில் கடைசி விசர்க்கத்தோடு சேர்த்து இப்படியே எண்ணினால் எட்டு வரும். நம் ஊர்ப் பெயரையே விடுகதையாக்கி ஒரு புலவர் வைத்துவிட்டுப் போயிருக்கிறார். பட்டுக்கும் கோயிலுக்கும் பலகை வைக்கிறோம். இதை ஒரு பள்ளிக்கூடச் சுவரிலாவது எழுதி வைத்திருக்கலாம். அதே தண்டி எழுதிய தசகுமார சரிதத்தில், காதலி கடித்து உதடு புண்ணான ஒருவன் தன் கதையைச் சொல்லும் பகுதி முழுவதும் உதடு ஒட்டாத எழுத்துகளாலேயே ஆனது. ப, ம ஒன்றும் வராது. நீங்கள் ஒரு நிமிஷம் அப்படிப் பேசிப் பாருங்கள், தெரியும் சிரமம்.

அவருக்கும் முன்னால், ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், மகேந்திரவர்மப் பல்லவர் எழுதிய மத்தவிலாசம் என்ற கேலி நாடகம் இருக்கிறது. கதை நடப்பது காஞ்சித் தெருவில். குடிபோதையில் இருக்கும் காபாலிகன் தன் கபாலப் பாத்திரத்தைத் தொலைத்துவிட்டு, எதிரே வந்த பௌத்தத் துறவிதான் திருடினார் என்று வம்புக்கு இழுக்கிறான். கடைசியில் பார்த்தால் அதை எடுத்துப் போனது ஒரு நாய். அரசனே உட்கார்ந்து தன் தலைநகரின் கள்ளுக்கடையையும் சாமியார்களையும் கேலி செய்து எழுதியிருக்கிறான். இந்த நாடகத்தின் சுவடி கிடைத்தது இங்கே அல்ல, கேரளத்தில். 1917இல் திருவனந்தபுரத்தில் கணபதி சாஸ்திரி அச்சில் கொண்டுவந்தார். அங்கே சாக்கியார்கள் மத்தவிலாசத்தைக் கூத்தாக ஆடிவந்ததும் இதோடு சேர்த்து நினைக்க வேண்டியது. நம் தெருவில் பிறந்த சிரிப்பு அடுத்த வீட்டில் வளர்ந்திருக்கிறது.

நான் படித்தது புதுச்சேரியில், பிரெஞ்சு வழியில். அங்கே சிலேடைக்குக் 'கலம்பூர்' என்று பெயர். வாத்தியார் முதலில் அந்தச் சொல்லைச் சொன்னபோது, ஆரணிக்கும் போளூருக்கும் நடுவே அரிசிக்குப் பேர்போன களம்பூர்தான் எங்களில் சிலருக்கு நினைவு வந்தது. அது தானாகவே ஒரு சிலேடை என்பது பிறகுதான் உறைத்தது. பிரெஞ்சுக்காரர்களின் சிலேடை காதுக்கானது. 'வேர்' என்று ஒரே ஓசை. எழுத்தை மாற்றினால் கண்ணாடி, பச்சை, புழு, செய்யுள் அடி, ஒருவகை விலங்கு ரோமம். சிண்ட்ரெல்லாவின் செருப்பு கண்ணாடியா ரோமமா என்று பெரிய மனிதர்களே சண்டை போட்டிருக்கிறார்கள், இரண்டுக்கும் ஓசை ஒன்று என்பதால். எழுதிக் காட்டினால் சந்தேகம் தீர்ந்துவிடும், சிலேடையும் தீர்ந்துவிடும்.

தமிழில் சில இடங்களில் இது தலைகீழ். எழுத்து ஒன்றாக இருக்கும், ஓசை வேறாக இருக்கும். "அவர் நாட்டியத்தில் பாவம் அதிகம்" என்று பத்திரிகையில் அச்சாகியிருந்தால், அது பாராட்டா பரிதாபமா என்று வாசிப்பவர் வாய்தான் தீர்மானிக்க வேண்டும். பெரும்பாலும் நம்முடையது சொல்லை எங்கே பிரிக்கிறோம் என்பதில் இருக்கிறது. தண்டியின் நூலைத் தழுவித் தமிழில் வந்த தண்டியலங்காரம் இதைச் செம்மொழிச் சிலேடை, பிரிமொழிச் சிலேடை என்று இரண்டாக வகுத்தது. ஒரு சொல் அப்படியே நின்று இரு பொருள் தந்தால் செம்மொழி. பிரித்தால் வேறு பொருள் தந்தால் பிரிமொழி. காஞ்சியிலிருந்து வடமொழி வழியாகப் போய்த் தமிழுக்குத் திரும்பி வந்த பாடம்.

வேற்று மொழியில் படித்ததால் எனக்கு ஒன்று நன்றாகத் தெரியும். சிலேடையை எல்லை தாண்டிக் கொண்டுபோக முடியாது. பிரெஞ்சில் 'பியேர்' என்றால் ஆள் பெயர், கல் என்றும் பொருள். இயேசு தம் சீடரிடம், நீதான் அந்தப் பாறை, உன் மேல்தான் கட்டப்போகிறேன் என்று சொல்வது பிரெஞ்சு பைபிளில் சிலேடையாகவே நிற்கும். தமிழ்க் கத்தோலிக்கர்களுக்கு அவர் இராயப்பர். பொருள் வந்து சேர்ந்தது, விளையாட்டு வழியிலேயே நின்றுவிட்டது. ஆகவே தமிழ்ச் சிலேடையைத் தமிழ் பேசுகிறவர்கள் வைத்திருந்தால்தான் உண்டு.

இனி நம் தெருவுக்கு வருகிறேன். உத்தியோகம் கிடைத்து இந்த ஊருக்கு வந்தபோது பிள்ளையார்பாளையத்துக்குப் பக்கத்தில்தான் குடியிருந்தேன். வீட்டுக்கு வீடு தறிச் சத்தம். தறிக்குழியில் காலை விட்டுக்கொண்டு உட்கார்ந்தால் சாயங்காலம்வரை எழுந்திருக்க மாட்டார்கள். கையும் காலும் வேலையில் இருக்கும், வாய் மட்டும் சும்மா இருக்கும். அந்த வாயிலிருந்து வந்த பேச்சை நான் புத்தகங்களில் படித்ததில்லை. நெசவுச் சொற்கள் எல்லாமே இரட்டைப் பொருள் சொற்கள். நூல் என்றால் இழையும் உண்டு, புத்தகமும் உண்டு. நன்னூலார்கூட நூல் எழுதுவதை நூல் நூற்பதோடு ஒப்பிட்டிருக்கிறார். மனு எழுத வந்த ஒருவரிடம் "என்ன தொழில்?" என்று கேட்டேன். "நூல்தானுங்க. ஆனா படிக்க முடியாது, உடுத்திக்கலாம்" என்றார்.

கடை முதலாளி ஒருவர், போன முறை வாங்கிய சேலையை நினைத்துக்கொண்டு, "முந்தி நன்றாக இருந்தது" என்று நெசவாளியிடம் சொன்னார். அவர் தலைப்பைச் சொன்னாரோ, பழைய காலத்தைச் சொன்னாரோ! நெசவாளி விடவில்லை. "முந்தி நல்லாத்தான் இருந்ததுங்க. இப்போதான் கூலி பத்தலை." முதலாளி சிரித்துவிட்டார். கூலி ஏறியதா என்று எனக்குச் சொல்லவில்லை. பேச்சு எழுந்துவிட்டது, அதுவே பெரிது. இன்னொருவர் வீட்டில் நிரந்தரமாகக் கடன். அவர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "நாப்பது வருஷமா கரை போடுறேன். நான்தான் இன்னும் கரையேறல." சேலைக்குக் கரை, ஆற்றுக்கும் கரை. சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் நின்றேன்.

சொல் விளையாட்டை வேலையில்லாதவன் பொழுதுபோக்கு என்று நினைப்பவர்களுக்கு நான் சொல்ல விரும்புவது இதைத்தான். நேராகச் சொல்ல முடியாததைச் சொல்ல எளியவனுக்கு இருந்த வழி அது. நான் வேலை பார்த்த ஓர் அலுவலகத்தில் வயதான நெசவாளி ஒருவர் முதியோர் உதவித்தொகைக்கு மனுப் போட்டிருந்தார். ஆயுள் முழுக்கச் சரிகை இழையைப் பார்த்துப் பார்த்துக் கண் மங்கிப் போனவர். பேத்தி கையைப் பிடித்துக்கொண்டு வருவார். ஒவ்வொரு முறையும் மேலதிகாரி சொன்னது ஒரே சொல்: "பார்க்கலாம்." நாலாவதோ ஐந்தாவதோ தடவை, கிழவர் கும்பிட்டபடியே சொன்னார்: "நீங்க பார்க்கலாமுங்க ஐயா, உங்களுக்குக் கண்ணு இருக்கு. எனக்குத்தான் பார்க்க முடியலை."

அதிகாரி முதலில் சிரித்தார். பாதிச் சிரிப்பில் நிறுத்தினார். கண் என்றால் இரக்கமும்தானே. திருக்குறளில் கண்ணோட்டம் என்று ஓர் அதிகாரமே இருக்கிறது. கோப்பை எடுத்து வரச் சொன்னார். நான்தான் எடுத்துக்கொண்டு போனேன். அடுத்த வாரத்துக்குள் உத்தரவு போய்விட்டது. கிழவர் இதையே நேராக, "உங்களுக்குக் கண் இல்லையா?" என்று கேட்டிருந்தால் டபேதார் அவரை வாசலுக்குக் கொண்டுபோய் விட்டிருப்பார். கேட்டது அதே கேள்விதான். ஆனால் மரியாதைக்கு ஒரு பொருள், உறைப்பதற்கு ஒரு பொருள் என்று இரண்டு இருந்தன. அதிகாரிக்குக் கோபப்பட இடமில்லை. இறங்கி வரவும் கௌரவமான வழி இருந்தது.

எங்களுக்குள்ளும் இது ஓடும். 'நடப்புக் கோப்பு' என்று பெயர். அதுதான் நடக்கவே நடக்காது என்போம். 'இருக்கை'யில் உட்கார்ந்து 'இரு கை'யாலும் வாங்குகிற ஆளைப் பற்றி, நடுவில் ஒரு ககர மெய் கூடுதலாக இருக்கிறதே என்று ஒருவர் ஆட்சேபித்தார். "அது மேலே போக வேண்டிய பங்கு" என்றார் இன்னொருவர். சம்பந்தப்பட்டவர் அங்கேதான் உட்கார்ந்திருந்தார். மறுநாள் முதல் கொஞ்சம் அடங்கினார், சில நாளைக்கு.

மேலே இருந்தவர்களுக்கும் இந்தப் பழக்கம் இருந்தது. கலைமகள் ஆசிரியர் கி.வா.ஜகந்நாதன் சிலேடைக்கென்றே பேர் பெற்றவர். ஒருமுறை அவர் போன கார் நின்றுவிட, மற்றவர்கள் இறங்கித் தள்ளினார்களாம். உங்களுக்கு வேண்டாம் என்று அவரைத் தடுத்தபோது, "என்னைத் தள்ளாதவன் என்று நினைத்துவிட்டீர்களா?" என்றாராம். தள்ளாத வயதில் இருக்கும் நம் எல்லோருக்கும் பிடித்த கதை. நம் ஊர் அண்ணாவைப் பற்றியும் ஒன்று சொல்வார்கள். சட்டசபையில் எதிர்க்கட்சிக்காரர் ஒருவர், உங்கள் நாட்கள் எண்ணப்படுகின்றன என்று ஆங்கிலத்தில் சொல்ல, என் அடிகள் அளந்து வைக்கப்படுகின்றன என்று அதே மொழியில் பதில் வந்ததாம். திட்டியவரும் ரசிக்கும்படியான பதில். இன்றைய விவாதங்களைத் தொலைக்காட்சியில் பார்க்கிறேன். ஒரு சொல்லுக்கு ஒரே பொருள், அதுவும் வசை. கேட்டவர் திரும்ப வசைபாடுவதைத் தவிர வேறு என்ன செய்வார்?

இதற்கெல்லாம் இளைஞர்களைக் குற்றம் சொல்வது நம் வயதில் சுலபம். நான் சொல்ல மாட்டேன். என் பேரன் இங்கிலீஷ் மீடியத்தில் ஐந்தாவது படிக்கிறான். "தாத்தா, குடிக்க முடியாத டீ எது?" என்று கேட்டான். எனக்குத் தெரியவில்லை என்றேன். "கரண்டி!" என்று குதித்தான். அவர்கள் பாஷையில் இது கடி ஜோக், மொக்கை ஜோக். என் கணக்கில் இது தண்டியலங்காரம் சொல்லும் பிரிமொழிச் சிலேடையின் வம்சம்தான். சொல்லை ஒடித்து உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்கும் ஆசை அந்த வயதில் எல்லாருக்கும் இருக்கிறது. அவனிடம் இல்லாதது ஒடித்துப் பார்க்கச் சொற்கள்தான். கரண்டியும் டீயும் தெரியும். கரை, முந்தி, பாவு, ஊடை தெரியாது. கோர்வையாகப் பேசு என்று பள்ளியில் சொல்வார்கள். கரையையும் உடலையும் தனித்தனி நாடாவால் கோத்து நெய்கிற கோர்வை அவன் காதில் விழுந்ததில்லை.

விழாததற்குக் காரணமும் இருக்கிறது. கோர்வைச் சேலைக்கு நெய்கிறவர் ஒருவர் போதாது. பக்கத்தில் உட்கார்ந்து கரை நாடாவைத் தள்ள ஒரு துணை வேண்டும். அந்தத் துணை பெரும்பாலும் ஒரு சின்னப் பையனாக இருந்தான். அவன் இன்று பள்ளிக்கூடம் போகிறான். பெரியவனாகி ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் தொழிற்சாலைக்குப் போகிறான். மாதச் சம்பளம் வருகிறது. அதற்காக நான் வருத்தப்படவில்லை, யாரும் படக்கூடாது. ஆனால் தறி வீட்டைவிட்டுப் போகும்போது தறிப் பேச்சும் கூடவே போகிறது. அதைத் தடுக்கத் தறிதான் வேண்டும் என்பதில்லை, சொல்லிக் கொடுக்க ஆள் இருந்தால் போதும்.

சிலேடையை விளக்கினால் செத்துப்போகும் என்று சிலர் சொல்வார்கள். நான் ஒப்பவில்லை. நம் உரையாசிரியர்கள் விளக்காமலா விட்டார்கள்? ஒவ்வொரு சொல்லுக்கும் இரண்டு பொருளையும் எழுதி வைத்ததால்தான் காளமேகம் இன்றும் நம் கையில் இருக்கிறார். முதல் தடவை விளக்கினால் பிள்ளைக்குச் சிரிப்பு வராது, உண்மைதான். அடுத்த தடவை அவனுக்கு அந்தச் சொல் தெரிந்திருக்கும். ஆகவே கைபேசியில் மாமியார் ஜோக்கை அனுப்புவதற்குப் பதிலாக, உங்கள் வீட்டுத் தொழிலில் புழங்கிய சொல் ஒன்றை எடுத்துப் பேரப் பிள்ளையிடம் போடுங்கள். நெசவு என்றில்லை. தச்சு, மண்பாண்டம், மடைப்பள்ளி, பத்திர எழுத்து எதுவானாலும் சரி.

போன மாதம் நான் அவனிடம் போட்டது, தெருவில் முன்பு கேட்டது: "நாளெல்லாம் ரெண்டு கரையையும் நாடி ஓடும், பேர் மட்டும் நாடா. அது என்ன?" அவனுக்கு ஒன்றும் புரியவில்லை. தறி நாடா என்றால் என்ன, ஊடை நூல் சுற்றிய தார்க்குச்சி அதற்குள் எப்படி இருக்கும், நாடுதல் என்றால் தேடிப் போவது, நாடா என்றால் தேடாதது என்று கால் மணி நேரம் சொன்னேன். முகத்தை ஒரு மாதிரி வைத்துக்கொண்டு எழுந்து போனான். சிரிக்கவில்லை.

இரண்டு நாள் கழித்துக் குளித்துவிட்டு வந்தவன், பைஜாமாவை ஒரு கையால் பிடித்துக்கொண்டு கூடத்தில் நின்றான். "தாத்தா, இந்த நாடா என் இடுப்பை நாடவே மாட்டேங்குது!" சமையலறையில் அவன் பாட்டி கரண்டியைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்த சிரிப்பு வாசல்வரை கேட்டது.